வேப்பிலைக் குடம்

ஒரு குடம் தண்ணிக்காக நான் ஒரு பொம்பளையோட மண்டைய ஒடச்சிருக்கேன். ஆத்திரத்துல கை தவறிடுச்சு, கண்ணு இருட்டிடுச்சுன்னெல்லாம் கதை வுட மாட்டேன். நல்லா குறி பாத்துத்தான் அடிச்சேன். அடிபட்ட அந்தக்கா அதுக்குப் பதில் அடி அடிக்க ஒரு வருஷம் எடுத்துக்கிச்சு. அந்த ஒரு வருஷத்தத்தான் சொல்லப் போறேன்.

எங்க ஊரு அரியலூருக்கும் பெரம்பலூருக்கும் நடுவுல, சிமெண்டு லாரி போற ரோட்டுலேருந்து கொஞ்சம் உள்ள தள்ளி இருக்கு. கரிசக் காடு. பருத்தி, மக்காச்சோளம், விட்டா கொத்தமல்லி. ரெண்டாயிரத்து ரெண்டுல ஆடியிலயும் மழை இல்ல, ஐப்பசியிலயும் மழை இல்ல. மறு வருஷம் சித்திரை பொறக்கறதுக்கு முன்னாடியே கிணத்துல பாறை தெரிஞ்சிடுச்சு. பருத்திச் செடி நின்ன வாக்குல கருகிப் போச்சு. மேலத்தெருவுல அண்ணன் தம்பி ரெண்டு பேரு, கூட்டுக் கிணத்துல யாரு முறைன்னு வந்த சண்டையில மம்புட்டியால வெட்டிக்கிட்டாங்க. வெட்டுபட்டவன ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போனப்புறம் கிணத்த எட்டிப் பாத்தா, மோட்டாரு நனையற அளவுக்குக்கூட தண்ணி இல்ல. எதுக்குடா வெட்டிக்கிட்டீங்கன்னு கேக்கக்கூட யாருக்கும் தெம்பு இல்ல.

எங்க வூட்டுக்காரரு திருப்பூரு பனியன் கம்பெனிக்குப் போயிட்டாரு. வூட்டுல நானு, ஏழு வயசுல என் மவ, ஒரு சினைப் பசு. ஆட்டையெல்லாம் தை மாசமே வித்தாச்சு. அந்தப் பசு ஒண்ணுதான் மிச்சம். அது கன்னு போட்டா பாலு, பாலுன்னா அடுப்பு எரியும். அதனால அந்த வெயில் காலம் பூரா எனக்கு ஒரே நெனப்பு, பசு சாவக் கூடாது. மாடு ஒரு நாளைக்கு எத்தன குடம் குடிக்கும்னு மாடு வச்சிருக்கறவங்களுக்குத் தெரியும்.

கவர்மெண்டு எங்க ஊர வறட்சி ஊருன்னு சொல்லிடுச்சு. சொன்னதுக்கு அடையாளமா ஒரு டேங்கர் லாரி வந்துச்சு. கொள்ளிடக் கரையில போர் போட்டு அங்கேருந்து ரொப்பிக்கிட்டு, ஒரு நாள் விட்டு ஒரு நாள், பத்து மணி வாக்குல வரும். மனுசங்க குடிக்க மட்டும்தான், ஆடு மாட்டுக்குக் கெடையாதுன்னு பஞ்சாயத்து கிளார்க்கு முன்கூட்டியே சொல்லிட்டாரு. மாடு வாயத் தொறந்து கேக்காதுங்கற தைரியம்.

லாரி வந்த மொத வாரமே ஒருத்திக்கு காது தோடு அறுந்துச்சு, காதோட சேத்து. ரப்பர் ஓஸ ஆளுக்கொரு பக்கம் புடிச்சு இழுத்ததுல அது பாம்பு மாரி துள்ளி, கிளீனர் தம்பி மூஞ்சியில அடிச்சு மூக்கு ஒடஞ்சுது. அதுக்கப்புறம் டிரைவரு ஓஸ எடுக்கறதுக்கு முன்னாடி ஒரு இரும்புக் கம்பிய எடுத்துக் கையில வச்சுக்குவாரு. "கிட்ட வந்தா கால ஒடச்சிருவேன்"னு சொல்லிட்டுத்தான் வால்வையே தொறப்பாரு. நாங்களும் கிட்டத்தான் போவோம். என் மண்டை முடியில ஒரு கொத்து யாரு கையிலயோ போச்சு. நானும் ரெண்டு பேரு கையக் கடிச்சேன், யாரு கைன்னு பாக்கல.

எங்க பக்கத்துல ஒரு வழக்கம் உண்டு. அம்மை கண்ட வூட்டுலேருந்து வர்ற குடத்துல ஒரு வேப்பிலைக் கொத்து சொருகியிருக்கும். அந்தக் குடத்துக்குத்தான் மொதத் தண்ணி. குழாயடியா இருந்தாலும் கிணத்தடியா இருந்தாலும், எப்பேர்ப்பட்ட வாயாடியும் ஒதுங்கி வழி வுடுவா. ஏன்னா ஆத்தா அந்த வூட்டுல வந்து எறங்கியிருக்கா. அம்மை முத்து வாடுனதும் ஒத்தப்படை நாளாப் பாத்து, மூணு தடவ புள்ளைக்குத் தலைக்குத் தண்ணி ஊத்தணும். தண்ணியில வேப்பிலையும் மஞ்சளும் போட்டு வெயில்ல வச்சு, அந்தச் சூட்டுலயே ஊத்தணும். மூணாந்தண்ணி ஊத்தற வரைக்கும் அந்த வூட்டுல தாளிக்கக் கூடாது, யாரும் தலைக்கு எண்ணெ வைக்கக் கூடாது, சண்ட சத்தம் கூடாது. வெளியாளுக்குப் புள்ளையக் காட்டக் கூடாது, ஊசி போடுறவங்களுக்கு சுத்தமாக் காட்டக் கூடாது.

இந்த வேப்பிலையில மொதப் பொய்ய வச்சது நான்தான்.

பசு ரெண்டு நாளா நாக்க வெளிய தொங்கப் போட்டுக்கிட்டு நின்னுச்சு. கண்ணுல பீள. அன்னைக்கு லாரி வர்ற சத்தம் கேட்டதும் கொல்லையில இருந்த வேப்ப மரத்துல ஒரு கொத்து ஒடச்சேன், குடத்துல சொருகுனேன், நேரா போயி எல்லாருக்கும் முன்னாடி வச்சேன். எல்லாரும் ஒதுங்கி வழி வுட்டாங்க. ஒரு அம்மா மட்டும், "புள்ளைக்கா?"ன்னு கேட்டுச்சு. நான் ஆமான்னு தலையாட்டுனேன். ரெண்டு குடம் ரொப்பிட்டு வந்து ஒரு குடத்த அப்படியே பசு முன்னாடி வச்சேன். அது குடிச்ச சத்தம் இன்னும் எனக்குக் காதுல இருக்கு. அவ்வளவு சந்தோசம் எனக்கு.

வாசப்படியிலயும் வேப்பிலை சொருகுனாத்தானே ஊரு நம்பும், அதையும் சொருகுனேன். என் மவ பாத்துட்டு, "ஏம்மா, எனக்கு ஒண்ணும் இல்லியே. ஆத்தா கோச்சுக்காதா?"ன்னு கேட்டா. பளார்னு ஒண்ணு வுட்டேன். ஏழு வயசுப் புள்ளைய. கேட்ட கேள்வி சரியா இருந்ததாலதான் அவ்வளவு கோவம் வந்துச்சு.

பொய்யி ஒருத்தியோட நிக்குமா? ஒரு வாரத்துல அஞ்சு குடத்துல வேப்பிலை. மறு வாரம் பாதிக் குடத்துல. வரிசையில பாத்தா குடமே தெரியல, தோப்பு மாரி இருந்துச்சு. ஊருல ஒரு வேப்ப மரத்துலயும் கைக்கு எட்டுன வரைக்கும் எலை இல்ல. தெருவுல நடந்தா ஒவ்வொரு வாசல்லயும் பச்சை. மழைக்காலத்துலகூட எங்க தெரு அவ்வளவு பச்சையா இருந்ததில்ல. அப்புறம் வேப்பிலை இருக்கற குடத்துக்கும் வேப்பிலை இருக்கற குடத்துக்கும் சண்ட. "உன் வூட்டுல எவளுக்குடி அம்மை"ன்னு ஆரம்பிச்சு, செருப்புல முடியும்.

இத எவனோ ஆபீசர் ஜீப்புல போறப்ப பாத்துட்டான். ஊரு பூரா அம்மை பரவுதுன்னு மேல சொல்லிட்டான் போல. மூணாம் நாள் சுகாதார ஜீப்பு வந்து நின்னுச்சு. ஒரு நர்சம்மா, ஒரு ஐயா, நாலு மூட்டை பிளீச்சிங் பவுடரு. வறட்சிக்கு லாரி ஒண்ணு அனுப்ப ஆறு மாசம் மனு குடுத்தோம். இல்லாத அம்மைக்கு மூணே நாள்ல ஜீப்பு வந்துடுச்சு. வூடு வூடா ஏறி எறங்கி, யாரு யாருக்கு அம்மைன்னு எழுத ஆரம்பிச்சாங்க. இந்த லிஸ்டுப்படிதான் இனிமே லாரித் தண்ணி மொதல்லன்னு கிளார்க்கு பின்னாடியே சொல்லிக்கிட்டு வந்தாரு.

அவ்வளவுதான், ஊருல பொய்ப் புள்ளைங்க எல்லாம் பாயில படுத்துக்கிட்டாங்க. என் மவளுக்கு முதுகுல வேர்க்குரு. மஞ்சளப் பூசி, வேப்பிலை பரப்பிப் படுக்க வச்சேன். நர்சம்மா குனிஞ்சு நெத்தியத் தொட்டுப் பாத்தாங்க. காய்ச்ச இல்ல. முதுகப் பாத்தாங்க. வேர்க்குருன்னு அவங்களுக்குத் தெரியாமலா இருக்கும்? நிமுந்து என்னயப் பாத்தாங்க, கொல்லையில எலும்பும் தோலுமா நின்ன பசுவப் பாத்தாங்க. "பேரு என்ன சொன்னீங்க?"ன்னு கேட்டு எழுதிக்கிட்டாங்க.

மேலத்தெருவுல ஒரு அக்கா. என்னய விட எட்டு பத்து வயசு மூத்தது. வூட்டுக்காரரு குவாரியில கல்லு ஒடைக்கறவரு. கல்யாணமாயி ரொம்ப நாள் கழிச்சுப் பொறந்த ஒரே பொண்ணு, என் மவ வயசு. அந்த வூட்டு வாசல்லயும் வேப்பிலை இருந்துச்சு. ஆனா நர்சம்மா போனப்ப அந்தக்கா கதவ ஒருக்களிச்சுப் புடிச்சுக்கிட்டு, "இங்க யாருக்கும் ஒண்ணும் இல்லீங்க, தண்ணிக்காகச் சும்மா சொருகுனது"ன்னு சொல்லி அனுப்பிடுச்சாம். இத அன்னைக்கே தெருவெல்லாம் பேசிக்கிட்டாங்க. பரவால்லியே, இந்த ஊருல ஒருத்தியாவது உண்மையச் சொன்னாளேன்னு நானும் சிரிச்சேன். சிரிச்சது நல்லா ஞாபகம் இருக்கு.

லிஸ்டு வந்த மறுநாள் லாரி வந்துச்சு. கிளார்க்கு பேரு படிச்சாரு. என் பேரு மூணாவது. நான் என் பித்தளைக் குடத்தோட நிக்கறேன், நல்ல கனமான குடம், எங்க அம்மா வூட்டு சீரு. ரெண்டாவது ஆளு ரொப்பி முடிச்சதும், அந்த மேலத்தெரு அக்கா வந்துச்சு. யாரையும் பாக்காம, வேப்பிலை சொருகுன குடத்த ஓசுக்குக் கீழ வச்சுது.

"யக்கா, உன் பேரு லிஸ்டுல இல்ல. எடு"ன்னேன்.

அது எடுக்கல. "ஒரு குடம். ஒரே ஒரு குடம் புடிச்சுக்கறேன்"ன்னு சொல்லுச்சு. சத்தமே வரல அதுக்கு.

"நேத்து நர்சுகிட்ட ஒண்ணும் இல்லன்னு நீதானே சொன்ன? இன்னைக்கு என்னாடி வேப்பிலை?"

அக்கான்னு கூப்புட்ட வாயால டி போட்டுப் பேசுனேன். அது குடத்த ரெண்டு கையாலயும் கட்டிப் புடிச்சுக்கிச்சு. வேப்பிலைய நான் பிடுங்கித் தரையில போட்டு மிதிச்சேன். அப்பதான் அது என்னய நிமுந்து பாத்துச்சு. பாத்த உடனே என் கையப் புடிச்சுத் தள்ளுச்சு. நான் குடத்தத் தூக்குனேன். பித்தளைக் குடத்தோட அடிப்பக்கம் எவ்வளவு கெட்டின்னு எனக்குத் தெரியும். மண்டையில, காதுக்கு மேல, ஓங்கி ஒண்ணு போட்டேன். தேங்கா ஒடைக்கற சத்தம்தான். அது உக்காந்துடுச்சு. ரத்தம் கழுத்து வழியா ஜாக்கெட்டுல எறங்குச்சு. நான் அதோட குடத்த ஒதைச்சுத் தள்ளிட்டு என் குடத்த வச்சேன்.

அதுக்கப்புறம் யாரு யார அடிச்சாங்கன்னு சொல்ல முடியாது. மேலத்தெரு ஒரு பக்கம், எங்க கீழத்தெரு ஒரு பக்கம். கல்லு பறந்துச்சு. லாரி கண்ணாடி ஒடஞ்சுது. டிரைவரு கம்பியச் சுழட்டுனாரு, ஒரு கெழவருக்கு முட்டியில பட்டுச்சு. அந்தக் கலவரத்துல எவனோ பின்னாடி வால்வ முழுசாத் தொறந்து வுட்டுட்டான். கொள்ளிடத்துத் தண்ணி பூரா எங்க ஊரு புழுதியில கொட்டுச்சு. மண்ணு ஒரு நிமிசத்துல உறிஞ்சுடுச்சு, அங்கங்க குட்டைதான் நின்னுச்சு.

அந்தக்கா எழுந்துச்சு. தலையில கையக்கூட வைக்கல. சேத்துக் குட்டையில முந்தானைய வுட்டு முக்குச்சு. பெரட்டிப் பெரட்டி முக்கி, ஊற வச்சு, சொட்டச் சொட்ட அத நெஞ்சோட சுருட்டிப் புடிச்சுக்கிட்டு ஓடுச்சு. பைத்தியம் புடிச்சுடுச்சான்னு நான் பின்னாடியே போனேன். ஏன் போனேன்னு தெரியல, திரும்பியும் அடிக்கத்தான் போனேனோ என்னமோ.

வாசல்ல நின்னு எட்டிப் பாத்தேன். உள்ள பாயில அந்தப் பொண்ணு. மூஞ்சி, கழுத்து, கண்ணு எமை, எங்க பாத்தாலும் முத்து. காஞ்சு கருக்க ஆரம்பிச்சிருந்துச்சு. அன்னைக்கு ஒத்தப்படை நாளு, அதுக்கு மொதத் தண்ணி. அந்தக்கா புள்ளைய உக்கார வச்சு, முந்தானையப் புழிஞ்சு தலையில ஊத்திக்கிட்டிருந்துச்சு. சேறு, அதுல அதோட ரத்தமும் கலந்து, புள்ள நெத்தியில செவப்பா வழிஞ்சுது. மறு கையால அத வழிச்சு வுட்டுக்கிட்டே இருந்துச்சு.

அப்பதான் எனக்கு ஒறச்சுது. நெசமா அம்மை இருந்த வூடு அது ஒண்ணுதான். நெசமா இருந்ததாலதான் நர்சுகிட்ட இல்லன்னு சொல்லியிருக்கு. வெளியாளுக்குக் காட்டக் கூடாது, ஊசி போட்டுருவாங்க. பொய்க்காரிங்க நாங்க எல்லாம் புள்ளையக் காட்டுனோம். இது எனக்குத் தெரியாத வழக்கமா? பொறந்ததுலேருந்து தெரியும். ஆனா நான் பொய்யி வச்சவ, அதனால அது வச்சதும் பொய்யின்னு நெனச்சேன்.

"யக்கா"ன்னேன்.

அது திரும்பிப் பாக்கல. "சத்தம் போடாத. ஆத்தா இருக்கா"ன்னு மெதுவாச் சொல்லுச்சு. "எம்புள்ளைக்கு மூணு தண்ணியும் ஊத்தி முடிக்கறேன். அப்புறம் உனக்கு இருக்கு."

அந்தக்காவுக்கு அரியலூர் ஆஸ்பத்திரியில தையலு போட்டாங்க. எப்புடி ஆச்சுன்னு கேட்டதுக்கு, படியில விழுந்துட்டேன்னு சொல்லிச்சாம். அம்மை வூட்டுல பிராது கூடாதுன்னு. ஆனா அந்தப் பக்கத்துக் காது அன்னையிலேருந்து கேக்கல.

ஒரு வாரம் லாரி வரல. அப்புறம் போலீஸ்காரரோட வந்துச்சு. வூட்டுக்கு ரெண்டு குடம்னு டோக்கன் போட்டாங்க. வேப்பிலைக் குடத்துக்கு மொதத் தண்ணி இனிமே கெடையாதுன்னு பஞ்சாயத்துல முடிவு பண்ணிட்டாங்க. எங்க அப்பன் பாட்டன் காலத்து வழக்கத்த நாங்க ஒரே மாசத்துல கொன்னு போட்டோம். அந்த வருஷமே எல்லா வூட்டுலயும் மழைத் தண்ணி சேமிக்கக் கொழா மாட்டணும், இல்லன்னா குடிதண்ணிக் கனெக்சனக் கட் பண்ணிருவோம்னு வந்து மெரட்டுனாங்க. மாட்டுனோம். கனெக்சன்ல காத்து வந்துச்சு, கொழாயில ஓணான் இருந்துச்சு. ஐப்பசி மழை மூணு தூத்தலோட போயிடுச்சு.

அந்தப் பசு என்னாச்சுன்னா, கன்னு போட்டுச்சு. நாலு மாசம் கறந்தேன். அப்புறம் வைக்கோலு இல்ல. எந்த மாட்டுக்காக ஒரு பொம்பளை மண்டைய ஒடச்சேனோ அந்த மாட்ட நானே கயித்தப் புடிச்சு இழுத்துட்டுப் போயி கேரளா லாரியில ஏத்தி வுட்டேன். ஏற மாட்டேன்னு முட்டுச்சு. வால முறுக்கி ஏத்துனாங்க.

அந்தக்கா என்னய ஒண்ணும் பண்ணல. மூணாந்தண்ணி ஊத்தி, புள்ளையும் நல்லாகி பள்ளிக்கூடம் போவ ஆரம்பிச்சிடுச்சு. ரேசன் கடையில எதுக்க வரும். நான் மூச்சப் புடிச்சுக்கிட்டு நிப்பேன். பைய எடுத்துக்கிட்டுப் போயிடும். ஒவ்வொரு தடவையும் இன்னைக்கு விழும், இன்னைக்கு விழும்னு கன்னம் தானா இழுத்துக்கும். சும்மா வாசப் பெருக்கறப்ப பின்னாடி காலடி கேட்டாக்கூட கழுத்துல மசிரு நட்டுக்கும். சொன்னா நம்ப மாட்டீங்க, அடிச்சுத் தொலைச்சா தேவலன்னு ஆகிப் போச்சு.

மறு சித்திரையில என் மவளுக்கு வந்துச்சு. காய்ச்ச ரெண்டு நாளு, மூணாம் நாள் மாருல முத்து. வாசல்ல வேப்பிலை சொருகுறப்ப எதுத்த வூட்டுக்காரி சிரிச்சா. "என்னாத்தா, மறுபடியும் வேர்க்குருவா?"ன்னு கேட்டா. நான் அவள ஒண்ணும் சொல்லல. ஆத்தா உள்ள இருக்கா.

மொதத் தண்ணி ஊத்த வேண்டிய அன்னைக்கு என் டோக்கன் கடைசிக்கு முன்னாடி. எனக்கு முன்னாடி பதினஞ்சு இருவது பேரு இருக்கறப்பவே ஓசு கக்க ஆரம்பிச்சிடுச்சு, அடித் தண்ணி. என் வரைக்கும் வராதுன்னு தெரிஞ்சு போச்சு. வூட்டுல பான காலி. குடத்துல வேப்பிலை சொருகல நான், எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு சொருகுவேன்? வாயத் தொறந்து கேக்கவும் இல்ல. கேட்டா எவ நம்புவா?

அந்தக்கா அப்பத்தான் ரெண்டு குடமும் ரொப்பிட்டு, ஒண்ணு இடுப்புல, ஒண்ணு கையிலன்னு என் பக்கமா வந்துச்சு. நின்னுச்சு. என் தலையப் பாத்துச்சு. எண்ணெ வைக்காம, சீவாம பரட்டையா இருந்துச்சு. என் வெரலப் பாத்துச்சு, மஞ்சக் கறை.

"எத்தனாவது நாளு?"ன்னு கேட்டுச்சு.

"ஏழுக்கா. இன்னைக்குத்தான் மொதத் தண்ணி."

கேக்கற காதத் திருப்பி இன்னொரு தடவ சொல்லச் சொல்லுச்சு. சொன்னேன். ரெண்டு குடத்தையும் என் காலடியில எறக்கி வச்சுது. கால்ல விழப் போனேன். தோளப் புடிச்சு நிறுத்துச்சு, கிள்ளு மாரி அழுத்தமா.

"இப்ப உம்மேல கை வைக்கக் கூடாது. மூணாந்தண்ணி ஊத்திட்டு, அப்புறம் எங்க வூட்டுக்கு வா"ன்னு சொல்லுச்சு.

மூணு தண்ணியும் ஊத்துனேன். அடுத்த ரெண்டு தண்ணிக்கும் அதோட குடம் ஒண்ணு என் வாசல்ல இருந்துச்சு. மவளுக்கு முத்தெல்லாம் உதுந்து, அன்னைக்குத்தான் தலைக்கு எண்ணெ வச்சேன். எனக்கும் வச்சுக்கிட்டேன். சாயந்தரம் ஒரு நாலு மணி இருக்கும், மேலத்தெருவுக்குப் போயி அது வூட்டு வாசல்ல நின்னேன். போவாம இருந்திருக்கலாம். ஊருல யாருக்கும் தெரியாது. ஆனா அந்த ஒரு வருஷம் மாரி இன்னொரு வருஷம் என்னால முடியாது.

அந்தக்கா முறத்துல அரிசி பொடச்சுக்கிட்டிருந்துச்சு. முறத்தக் கீழ வச்சுது. "புள்ள தேவலையா?"ன்னு கேட்டுச்சு. தேவலன்னேன்.

எழுந்து வந்து அடிச்சுது. ஒரே அடி. வலது கை, முழு வீச்சு, கல்லு ஒடைக்கறவன் பொண்டாட்டி கை. நான் சொவத்துல போயி மோதி உக்காந்தேன். கடவாப் பல்லு ஆடிடுச்சு, வாயெல்லாம் ரத்தம். காதுல கொய்யுன்னு ஒரே சத்தம்.

சத்தம் அடங்க கொஞ்ச நேரமாச்சு. "அப்பவே அடிச்சிருக்கலாமேக்கா"ன்னு கேட்டேன்.

"அப்ப அடிச்சிருந்தா உனக்குக் கன்னம் மட்டும்தான் வலிச்சிருக்கும்"ன்னு சொல்லிட்டு உள்ள போச்சு.

வெளிய வந்தப்ப கையில ஒரு சொம்பு தண்ணி. என் பக்கத்துல வச்சுட்டு, திரும்பிப் போயி முறத்த எடுத்துக்கிச்சு. சித்திர மாசத்துல, டோக்கன் தண்ணியில, ஒரு முழுச் சொம்பு. ரத்தத்தோடயே குடிச்சேன். தண்ணி உப்பா, ரத்தம் உப்பான்னு தெரியல. ஒரு சொட்டு கீழ வுடாம குடிச்சுட்டு, சொம்ப கவுத்து வச்சுட்டு, போயிட்டு வரேன்க்கான்னு சொல்லிட்டு வந்தேன்.